ஒரே பெயர், ஐந்து உரு: யோவானை எப்படி வைப்பது?

என் தங்கச்சிக்கு ஆனிப் பூரணைக்கு மறுநாள் ஆண் பிள்ளை பிறந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த மூன்றாம் நாள், கலண்டர் தாள் ஒன்றைக் கிழித்து, அதன் பின்பக்கத்தில் ஐந்து பெயர் எழுதி, படம் எடுத்து எனக்கு அனுப்பினாள். அருளப்பு, யோவான், ஜோன், யொஹான், இவான். அடியில் ஒரு வரி: "அண்ணா, இதில எது நல்லம்?"

"இது அஞ்சு பேர் இல்லை, ஒரு பேர்தான்" என்று பதில் எழுதினேன். அவள் நம்பவில்லை.

அவளைக் குறை சொல்லவும் முடியாது. ஒவ்வொன்றும் அவளிடம் வந்து சேர்ந்த வழி வேறு. அருளப்பு எங்கள் அம்மப்பாவின் பெயர். யோவான், பூசையில் நற்செய்தி வாசிக்கும்போது காதில் விழுவது. ஜோன், மச்சான் கப்பலில் வேலை செய்த காலத்தில் கூட இருந்த ஒருவருடைய பெயர். யொஹான், கொழும்பில் அவளோடு வேலை பார்த்த சிங்களப் பொடியன். இவானை எங்கே பிடித்தாள் என்று அவளுக்கே ஞாபகம் இல்லை, கைபேசியில் எங்கேயோ பார்த்தாளாம்.

எனக்குப் பெயர்கள் மேல் தொழில்முறைக் கவலை ஒன்று உண்டு. திருகோணமலையில் கச்சேரி, அதாவது மாவட்டச் செயலகத்துப் பக்கம் சின்னக் கடை வைத்திருக்கிறேன். போட்டோகொப்பி, தட்டச்சு, படிவம் நிரப்பிக் கொடுப்பது. கடை திறக்கும் முன்பே வாசலில் நிற்கிறவர்கள் பெரும்பாலும் பெயர்ச் சிக்கலோடு வந்தவர்களாகத்தான் இருப்பார்கள். பிறப்புச் சான்றிதழில் ஒரு அரவு (துணைக்கால்) குறைவு, அடையாள அட்டையில் ஒரு புள்ளி கூட, பாடசாலைப் பதிவில் வேறொரு ஆள். நானும் தப்பவில்லை. என் பரீட்சைச் சான்றிதழில் ஆங்கிலத்தில் ஒரு ஏ, கடவுச்சீட்டில் இரண்டு ஏ. அந்த ஒற்றை எழுத்துக்காக சமாதான நீதவானிடம் சத்தியக்கடதாசி முடித்துக்கொண்டு, ஒரு அலுவலக வாங்கில் இரண்டு நாள் காத்திருந்தேன். ஆகவே பெயர் நல்லமா என்று யாராவது கேட்டால், நான் முதலில் பார்ப்பது அது கவுண்டரில் எப்படி உடையும் என்பதைத்தான். அர்த்தம் அப்புறம்.

ஆனால் இந்தப் பெயரில் அர்த்தத்தை அப்புறம் என்று தள்ள முடியவில்லை. அங்கிருந்தே தொடங்குகிறேன்.

எபிரேயத்தில் மூலப் பெயர் யோஹானான். இரண்டு துண்டு. 'யோ' என்பது யாவே என்ற இறைப்பெயரின் சுருக்கம். 'ஹானான்' என்பது அருள்கூர்ந்தார், இரங்கினார் என்று பொருள்படும் வினை. சேர்த்தால் 'யாவே அருள்கூர்ந்தார்' என்று முழு வாக்கியமாகவே வந்துவிடும். பழைய எபிரேயப் பெயர்களில் பல இப்படி எழுவாயும் பயனிலையுமாக இருப்பவை. பிள்ளையைக் கூப்பிடும் ஒவ்வொரு தடவையும் தாய் ஒரு வசனம் சொல்கிறாள்.

பெயர் விளக்கம் போடும் இணையப் பக்கங்களில் ஜோன் என்றால் 'கடவுளின் பரிசு' என்று அடிக்கடி எழுதியிருக்கிறார்கள். அது பிழை. கடவுள் கொடுத்தார் என்ற பொருள் யோனத்தானுக்கு உரியது. மத்தேயு, நத்தானியேல் இரண்டும் அந்தக் கொடைப் பக்கத்துப் பெயர்களே. ஆங்கிலத்தில் ஜொனத்தானைச் சுருக்கினால் ஜோன் என்றே கேட்பதால் வந்த குழப்பமாக இருக்கலாம். தமிழில் குழப்பம் இன்னும் கூட, ஏனென்றால் 'யோ'வில் தொடங்கும் வேதாகமப் பெயர்கள் நம்மிடம் ஒரு வரிசையே இருக்கின்றன. யோவான், யோவேல், யோசுவா இவற்றின் யோ இறைப்பெயர். யோசேப்பின் யோ அப்படியில்லை. அது 'இன்னும் சேர்த்துத் தருவார்' என்ற வினையின் முதலெழுத்து, இன்னொரு பிள்ளையும் வேண்டும் என்று ராகேல் கேட்டு வைத்த பெயர். யோனா என்றால் புறா. யோபுவுக்கும் யாவேக்கும் தொடர்பே இல்லை. பார்வைக்கு அண்ணன் தம்பி போல நின்றாலும் வீடு வேறு வேறு.

லூக்கா நற்செய்தியின் முதல் அதிகாரத்தில் இந்தப் பெயருக்காகவே ஒரு குடும்பத் தகராறு நடக்கிறது. வயதான காலத்தில் சக்கரியாவுக்கும் எலிசபெத்துக்கும் பிள்ளை பிறக்கிறது. எட்டாம் நாள் கூடிய சொந்தக்காரர் தகப்பன் பெயரையே வைக்கப் பார்க்கிறார்கள். தாய் மறித்து யோவான் என்கிறாள். உன் உறவில் இந்தப் பெயர் ஒருத்தருக்கும் இல்லையே என்கிறார்கள் அவர்கள். பேச்சு அடைபட்டிருந்த தகப்பனிடம் சைகையால் கேட்க, அவர் பலகை வாங்கி 'இவன் பெயர் யோவான்' என்று எழுதிக் காட்டுகிறார். எங்கள் வீட்டில் இது தலைகீழ். பெயர் உறவில் இருக்கிறது, எழுத்தில்தான் சண்டை.

இனி, ஒரு பெயர் ஐந்தானது எப்படி. அதற்குத் திருகோணமலைத் துறைமுகத்தைப் பார்த்தாலே போதும். எபிரேயத்தில் நடுவில் தொண்டையிலிருந்து வரும் ஹெத் என்ற எழுத்து இருக்கிறது. கிரேக்கர் வாயில் அது நிற்கவில்லை, யோஹானான் யோஅன்னேஸ் ஆயிற்று. லத்தீன்காரர் ஹகரத்தைத் திரும்ப எழுதி யோஹன்னஸ் ஆக்கினார்கள். அங்கிருந்து ஐரோப்பாவின் ஒவ்வொரு மொழியும் ஒவ்வொரு விதமாய்த் தேய்த்தது. அப்படித் தேய்த்தவர்கள் எல்லாரும் வரிசையாக நம் கரைக்கு வந்தார்கள். 1624 அளவில் கோணேசர் மலையடியில் கோட்டை கட்டிய போர்த்துக்கேயர் அதை மூக்கால் ஒலித்தார்கள், சிங்களக் கத்தோலிக்கர் ஜுவாம் என்பது அவர்களிடமிருந்து வந்தது. 1639 இல் கோட்டையைப் பிடித்த ஒல்லாந்தர் ஜகரத்தை யகரமாக ஒலித்து யொஹான்னஸ் என்றார்கள். சிங்கள ஊர்களில் பழைய தலைமுறையில் ஜுவானிஸ் என்ற பெயர் இருந்ததே, அதுவும் இதன் இன்னொரு உருதான். 1782 இல் பிரெஞ்சுத் தளபதி சுப்ரென் துறைமுகத்தைப் பிடித்தபோது அவருடைய கப்பல்களில் எத்தனை ஷான்கள் இருந்திருப்பார்களோ. 1795 இல் ஆங்கிலேயர் வந்தார்கள், ஜோன் வந்தது. அதில் ஜகரம் பிந்திய சரக்கு. ஐ எழுத்தின் வாலை நீட்டித்தான் ஜே பிறந்தது. 1611 இல் அச்சான ஆங்கில வேதாகமத்தின் முதல் பதிப்பில்கூட அந்தப் பெயர் ஐ எழுத்தில்தான் தொடங்குகிறது.

கோட்டைக்கு ஒவ்வொருவர் வந்து போனாலும் பெயர் மட்டும் போகாமல் நின்றுவிட்டது. தங்கச்சியின் கலண்டர் தாளில் இருப்பது அதன் மிச்சம்தான்.

இப்போது ஒவ்வொன்றாக எடுக்கிறேன். முதலில் அருளப்பு, ஏனென்றால் மற்ற நான்கும் ஒலியைக் கொண்டுவந்தவை, இது மட்டும்தான் பொருளைக் கொண்டுவந்தது. தமிழ்நாட்டுப் பழைய கத்தோலிக்க மரபில் புனிதர் பெயர்களைத் தமிழாக்கி வைக்கும் வழக்கம் இருந்தது. லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர், ஆகவே சின்னப்பர். யோவான் என்றால் இறையருள், ஆகவே அருளப்பர். 1693 இல் ஓரியூரில் தலை வெட்டுண்டு இறந்த போர்த்துக்கேயத் துறவி ஜோன் டி பிரிட்டோ தமிழில் அருளானந்தர் ஆனதும் இதே கணக்கில்தான். சென்னை மயிலைப் பேராயராக இருந்த ராயப்பா அருளப்பாவின் பெயரைப் பாருங்கள், பேதுரு யோவான் என்ற இரண்டு அப்போஸ்தலரும் தமிழ் வேட்டி கட்டி நிற்பார்கள். இலங்கையில் அருளானந்தம் என்ற பெயர் இன்றைக்கும் எல்லா மதத்துத் தமிழரிடமும் இருக்கிறது. அது எபிரேயத்தில் தொடங்கியதாக இருக்கலாம் என்று அதை வைத்திருப்பவர்களில் எத்தனை பேர் நினைத்திருப்பார்கள்?

அப்படியிருந்த அருளப்பர் ஏன் காணாமற்போனார்? 1995 இல் வந்த திருவிவிலியம், கத்தோலிக்கரும் மற்றச் சபையினரும் சேர்ந்து செய்த பொது மொழிபெயர்ப்பு. அதில் எல்லாருக்கும் பொதுவாக யோவான், பேதுரு, பவுல் என்று வைத்தார்கள். பீடத்தில் வாசிக்கும் புத்தகத்தில் மாறியது கொஞ்சக் காலத்தில் வீட்டிலும் மாறிவிட்டது. இப்போது சின்னப்பர், இராயப்பர், அருளப்பர் என்றால் பெரியவர்களின் ஜெபப் புத்தக வாசம்தான் வரும்.

இன்னொரு தடை அந்த 'அப்பு'. நம் பக்கத்தில் அப்பு என்றால் தாத்தா. ஒரு மாதப் பிள்ளையைத் தொட்டிலில் போட்டு "அருளப்பு, பால் குடி" என்றால் கேட்கிறவர்கள் சிரிக்காமல் இருக்க மாட்டார்கள். அம்மா மட்டும் சிரிக்கவில்லை, தகப்பன் பெயர் திரும்பி வருகிறதே என்று கண் கலங்கினாள். அப்புவை எடுத்துவிட்டு 'அருள்' என்று வைத்தால் இந்தத் தடை போய்விடும். அருள் சுத்தமான தமிழ்ச்சொல். கிரந்த எழுத்து இல்லை, கால் கொம்பு எதுவும் விழுந்து தொலைய வழியில்லை. தட்டச்சில் பதினைந்து வருடம் இருந்தவனாகச் சொல்கிறேன், இந்தப் பட்டியலில் எந்த எழுத்தரும் பிழையாக எழுத முடியாத பெயர் அது ஒன்றுதான். பலவீனம் கடைசி எழுத்தில் இருக்கிறது. தமிழ் தெரியாதவர் வாயில் ளகரம் நிற்காது, அருல் என்றுதான் கேட்கும். ஆங்கிலத்தில் எழுதினால் எல் தவிர வேறு வழியும் இல்லை.

அருளுக்கு இன்னொரு ஆதரவு எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. மச்சான் வீடு சைவம். மாமி ஒவ்வொரு வெள்ளியும் பத்திரகாளி கோயிலுக்குப் போகிறவர். "அருளோ? திருவருள் எண்டு நாங்களும்தானே சொல்லுறம்" என்றார். பெயரின் பொருளைக் கேட்டதும் தலையாட்டிய ஒரே ஆள் அவர்தான்.

ஆனால் அதே மாமி பஞ்சாங்கத்தையும் பார்த்துவிட்டார். பிள்ளை பிறந்தது மூல நட்சத்திரத்தில். ஆண் மூலம் அரசாளும் என்று அவருக்கு ஒரே சந்தோஷம். மூலத்துக்குச் சொல்லும் பெயரெழுத்து யே, யோ, பா, பி. அருளின் அகரம் கார்த்திகைக்காரருக்காம். "யோ வந்தா நல்லம் தம்பி" என்று என்னிடம் தனியாகச் சொன்னார். எபிரேயக் கடவுளின் பெயர்ச் சுருக்கம் மூல நட்சத்திரத்தின் இரண்டாம் பாதத்தில் வந்து உட்கார்ந்திருப்பதை நினைத்து நான் அன்றிரவு தனியாகச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

அந்த யோவைக் கொண்டுவருவன இரண்டு, யோவானும் யொஹானும். வெளிப்பார்வைக்கு ஒன்றுதான் என்று தோன்றும். படிவத்தில் எழுதினால் இரண்டும் இரண்டு திசையில் போகும்.

யோவான் தமிழ் இலக்கணத்துக்குள் வந்து குடியேறிய பெயர். கிரேக்கத்தில் யோ, ஆன் என்று இரண்டு உயிர் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. தமிழ் அப்படி நிற்க விடாது. கோ, இல் சேர்ந்தால் கோவில் ஆவதுபோல நடுவில் ஒரு வகரம் வந்துவிடும். எபிரேய ஹகரம் கிரேக்கத்தில் விழுந்த பள்ளத்தை நம் உடம்படுமெய் நிரப்பியிருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. அதனால்தான் யோவானுக்கு, யோவானோடு என்று சொல்லும்போது நாக்கு எங்கும் தடக்குவதில்லை. 1823 இல் தொடங்கிய யாழ்ப்பாணம் பரி. யோவான் கல்லூரியை எல்லாரும் ஒரே சொல்லாகப் பரியோவான் என்றுதான் சொல்கிறார்கள். அங்கே படித்த ஒருவர் என் கடையில் இருந்தபடியே பரி என்பது பரிசுத்தத்தின் சுருக்கம் என்று முதல்முறையாகக் கேட்டு வியந்தார். வயது ஐம்பதுக்கு மேல்.

யோவானில் பிடிக்காதவை இரண்டு. ஒன்று, அது கொஞ்சம் பீடத்துக் குரலில் கேட்கிறது. யோவான் எழுதிய தூய நற்செய்தியிலிருந்து வாசகம் என்று கேட்டுக் கேட்டு, அந்தப் பெயரில் ஒரு பிள்ளை மணல் வீடு கட்டும் என்று மனது ஒப்ப மறுக்கிறது. இரண்டாவது பாடசாலை. படம் பார்த்து வளரும் பிள்ளைகளுக்கு 'யோவ்' என்றால் என்ன என்று நன்றாகத் தெரியும். முதல் வாரமே யோவ், யோவ் என்று கூப்பிடப் போகிறார்கள். பெரிய விஷயம் இல்லை, எனக்கு வைத்த பட்டப்பெயரோடு ஒப்பிட்டால் இது மரியாதைதான்.

யொஹான் தங்கச்சியின் விருப்பம். காரணமும் இருக்கிறது. சிங்களவர் வாயில் அப்படியே வரும், அவர்களிடையே நன்றாகப் புழங்கும் பெயர். ஆங்கிலத்தில் எழுதவும் லேசு. எபிரேயத்தின் தொண்டை ஒலிக்கு இந்த ஐந்தில் கிட்ட நிற்பதும் இதுதான், ஹகரம் பிழைத்திருக்கிறது. நாளைக்குப் பிள்ளை கொழும்பிலோ கனடாவிலோ இருந்தாலும் பெயரை இரண்டு தடவை சொல்ல வேண்டியிராது.

பிரச்சினை தமிழில் எழுதும்போதுதான். கடந்த ஆண்டு ஒருவர் மகனின் ஆவணங்களோடு கடைக்கு வந்தார். பிள்ளைக்கு வீட்டில் வைத்தது யொஹான். பிறப்புச் சான்றிதழில் ஹகரம் ககரமாகி, ஒற்றைக் கொம்பு இரட்டைக் கொம்பாகி யோகான். முன்பள்ளிப் பதிவில் அரவும் விழுந்து யோகன். பிறகு யாரோ ஒருவர் அது சுருக்கம் என்று நினைத்து உதவி செய்யும் நல்லெண்ணத்தில் யோகநாதன் என்று விரித்து எழுதியிருந்தார். எபிரேயப் பிள்ளை மூன்று தாளில் யோகாசனத்தில் உட்கார்ந்துவிட்டான். அவர் கோபத்தோடுதான் வந்தார், நானும் அவரும் கடைசியில் சேர்ந்து சிரித்தோம், ஆனால் திருத்தி முடிக்க மாதங்கள் ஆயின. இதைத் தங்கச்சியிடம் சொன்னபோது பக்கத்தில் இருந்த மாமி, "யோகன் நல்ல பேர்தானே" என்றார். அவர் மனதில் ஏற்கெனவே யோகன்தான் என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது.

ஜோனைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். ஓரசை. உலகத்தில் எங்கும் செல்லும். எழுத்துப் பிழை அநேகமாக வராது, இந்தியத் தமிழர் ஜான் என்று எழுதுவார்கள், நாங்கள் ஜோன், அவ்வளவுதான் வேறுபாடு. ஆனால் மாமியின் யோ இல்லை, அம்மாவின் அருளும் இல்லை. தேய்ந்து தேய்ந்து மூலத்தின் மூன்று அசையில் ஒன்றுதான் மிச்சம். ஆங்கில எழுத்தில் ஒரு ஹெச் இன்னும் தொங்கிக்கொண்டிருக்கிறது, அதையும் யாரும் உச்சரிப்பதில்லை.

இவான் ரஷ்யர் முதலிய சிலாவிய மக்களின் யோவான். அழகான பெயர். தமிழில் ஒரு அரவு விழுந்தால் 'இவன்'. நான் சொன்ன கவுண்டர்களை நினைத்துப் பாருங்கள். பெயர்: இவன். தங்கச்சியே அதை வெட்டிவிட்டாள்.

பட்டியலில் இல்லாத ஒன்றையும் சொல்ல வேண்டும். கிண்ணியாவிலிருந்து என் கடைக்கு வரும் மௌலவி ஒருவரிடம் இந்தக் கதையைச் சொன்னேன். "எங்களிட்ட இவர் யஹ்யா நபி" என்றார். குர்ஆனில் மர்யம் அத்தியாயத்தில், முதியவரான ஸகரிய்யாவுக்கு யஹ்யா என்ற பிள்ளை நன்மாராயமாகச் சொல்லப்படுகிறது, இதற்கு முன் இந்தப் பெயரை யாருக்கும் வைக்கவில்லை என்ற வசனத்தோடு. லூக்காவில் சொந்தக்காரர் சொன்ன குறையே இங்கே சிறப்பாக வருகிறது. அரபுக் காதுக்கு யஹ்யா என்றால் வாழ்கிறான் என்று கேட்கும், அருளோடு நேர்த் தொடர்பு இல்லை. ஆனால் சில வசனம் தள்ளி, அவருக்கு நம்மிடமிருந்து 'ஹனான்' கொடுத்தோம் என்று வருகிறது என்று ஓதிக் காட்டினார். ஹனான் என்றால் இரக்கம். எபிரேயப் பெயரின் பின்துண்டு அப்படியே அங்கே இருக்கிறது. போட்டோகொப்பி இயந்திரம் சூடாகி நின்றிருந்தது, எங்கள் இரண்டு பேருக்கும் அதை ஓட்ட அவசரம் வரவில்லை.

அன்று பின்னேரம் அம்மா வீட்டுக்குப் போய் அம்மப்பாவின் ஜெபப் புத்தகத்தை எடுத்தேன். அட்டை போய்விட்டது, நூல் கோத்துக் கட்டியிருக்கிறார். முதல் பக்கத்தில் ஊதாப் பென்சிலில் கலியாணத் தேதியும் அதன் கீழே 'அருளப்பு - அன்னம்மா' என்றும் இருக்கிறது. அன்னம்மா என் அம்மம்மா. அன்னா என்பது ஹன்னா, அந்த ஹன்னாவும் இதே ஹானான் வேரில் பிறந்தது, அதன் பொருளும் அருள்தான். தமிழில் அன்னம் என்று கேட்பதால் சோறும் பறவையும் நினைவுக்கு வரும், அருள் நினைவுக்கு வராது. ஐம்பது வருடத்துக்கு மேல் ஒரே வீட்டில் ஒரே சொல்லால் ஒருவரையொருவர் கூப்பிட்டுக்கொண்டு இருந்திருக்கிறார்கள். உண்மையில் கூப்பிட்டது "இஞ்சாருங்கோ" என்றுதான், அது வேறு.

அதே புத்தகத்துக்குள் அம்மப்பாவின் பழைய தாள்கள் இரண்டு இருந்தன. ஞானஸ்நானப் பதிவின் பிரதி லத்தீனில், அதில் ஜொவான்னஸ். மற்றது கடற்படைத் தளத்தில் வேலை பார்த்த காலத்துச் சம்பளத் துண்டு. 1957 வரை தளம் பிரித்தானியரிடம் இருந்தது, அவர்களுக்கு அருளப்பு வாயில் நுழையவில்லை போலும். துண்டில் ஜோன் என்று இருக்கிறது. கோயிலில் ஜொவான்னஸ், தளத்தில் ஜோன், வீட்டில் அருளப்பு. மனுஷன் மூன்றுக்கும் திரும்பிப் பார்த்திருக்கிறார். எந்த அலுவலகமும் அவரிடம் சத்தியக்கடதாசி கேட்கவில்லை.

இப்போது கேட்பார்கள். பிறப்பை 42 நாளுக்குள் பதிய வேண்டும், எங்கள் பக்கத்தில் பதிவு தமிழில் எழுதப்படும், அதன் மொழிபெயர்ப்பில் முதல்முறை விழும் ஆங்கில எழுத்து பிறகு பிள்ளையை விடாது. கோயில் பதிவில் ஒன்றும் பதிவாளரிடம் இன்னொன்றும் கொடுக்கலாமே என்று அம்மா சொன்னாள். கோயிலில் தடை இருக்காது. 1983 இல் வந்த திருச்சபைச் சட்டம் கேட்பதெல்லாம் கிறிஸ்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயராக இருக்கக்கூடாது என்பதுதான், அதற்கு முந்திய சட்டம்போலப் புனிதர் பெயரை வற்புறுத்துவதில்லை. ஆனால் இரண்டு தாளில் இரண்டு பெயர் என்பது என் கடைக்கு நல்லது, பிள்ளைக்கு நல்லதில்லை. பாடசாலை அனுமதிக்கு இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் நாள் வரும்.

என் வாக்கு 'அருள் யோவான்'. இரண்டு சொல், நடுவில் இடைவெளி, இரண்டு பதிவிலும் ஒரே மாதிரி. வீட்டில் அருள் என்று கூப்பிடலாம், அம்மாவுக்கு அது போதும். மாமிக்கு யோ கிடைக்கும். ஒன்றையே இரண்டு தடவை சொல்வதாகாதா என்று கேட்டால், ஆகும். கேட்வாசல், நடுச்சென்டர் என்று நாம் தினமும் சொல்கிறோம், அதோடு இதுவும் ஒன்று. ஒரே சொல் போதும் என்று நினைப்பவர்களுக்கு, அதாவது இதே யோசனையில் இருக்கும் மற்றப் பெற்றோருக்கு, தமிழில் பதிவதானால் அருள் முதலில், யோவான் அடுத்தது. பிள்ளை சிங்களவரோடும் வெளிநாட்டிலும்தான் வளரும் என்று தெரிந்தால் யொஹானை எடுக்கலாம், ஆனால் பதிவு நாளில் பெயரைத் தாளில் பெரிய எழுத்தில் எழுதிக் கொண்டுபோய், எழுதி முடித்ததும் அந்த இடத்திலேயே கொம்பு, அரவு, ஹகரம் மூன்றையும் விரல் வைத்துப் பாருங்கள். ஆங்கில எழுத்துகளையும் அன்றைக்கே முடிவுசெய்து அலுமாரிக் கதவின் உள்பக்கத்தில் ஒட்டிவிடுங்கள். யோவானின் வகரத்துக்கு வீயா டபிள்யூவா என்று பத்து வருடம் கழித்து யாருக்கும் ஞாபகம் இருக்காது.

இதையெல்லாம் தங்கச்சிக்குக் குரல்பதிவாக அனுப்பினேன். பதினோரு நிமிடம். நேற்று இரவு அதே கலண்டர் தாளின் படம் திரும்ப வந்தது. இவான் வெட்டப்பட்டிருக்கிறது. ஜோனுக்கும் ஒரு கோடு. அடியில் புதிதாக, பச்சைப் பேனையில் ஆறாவது பெயர்: ஷோன். "அண்ணா, இது முழுக்க வேற பேர்தானே?"

அயர்லாந்துக்காரர் யோவானை அப்படித்தான் சொல்வார்கள். நான் இன்னும் பதில் எழுதவில்லை. 42 இல் இன்னும் 11 நாள் இருக்கிறது.